ஒரு சின்ன மின்ரயில் நிலையத்தின் வரலாற்றை எங்கே, எப்படித் தேடுவது? குரோம்பேட்டையை வைத்து ஒரு விளக்கம்

கேள்வி இதுதான்: சென்னை பீச்–தாம்பரம் பாதையில் குரோம்பேட்டை மாதிரி ஒரு சின்ன ஸ்டேஷன் எந்த ஆண்டு திறக்கப்பட்டது, முன்பு எப்படி இருந்தது, என்னென்ன மாறியது என்பதையெல்லாம் எங்கே தேடுவது? ஸ்டேஷன் மாஸ்டரைக் கேட்டால் தெரியவில்லை என்கிறார். கல்வெட்டு எதுவும் இல்லை. இணையத்தில் பார்த்தால் இடத்துக்கு ஒரு தேதி கிடக்கிறது.

அந்தத் தேதிகளிலிருந்தே தொடங்கலாம். அவற்றில் பல உண்மையான தேதிகள்தான், ஆனால் அந்த ஸ்டேஷனுக்கு உரியவை அல்ல. பாதை போட்ட ஆண்டு, மின்மயமான ஆண்டு, அகலப்பாதையான ஆண்டு என்று பாதைக்கு நடந்ததையெல்லாம் அதன் மேல் இருக்கும் ஒவ்வொரு ஸ்டேஷனுக்கும் யாரோ ஒட்டிவிட்டிருக்கிறார்கள். ஆகவே முதல் வேலை, பாதையின் தேதிகளைத் தனியாக எடுத்து ஒரு தாளில் எழுதிக்கொள்வது. பீச்–தாம்பரம் பாதைக்கு அந்தப் பட்டியல் சிறியதுதான்.

எழும்பூரிலிருந்து தெற்கே போகும் மீட்டர் கேஜ் பாதை (இரண்டு தண்டவாளங்களுக்கும் நடுவே 1,000 மி.மீ.; அகலப்பாதை என்றால் 1,676 மி.மீ.) 1870-களின் பிற்பகுதியில் வந்தது. போட்டது சவுத் இந்தியன் ரயில்வே கம்பெனி. இப்போது நாம் பார்க்கும் எழும்பூர் கட்டடம் 1908-இல் திறக்கப்பட்டது. பீச் முதல் தாம்பரம் வரை 29 கிலோமீட்டரும் 1,500 வோல்ட் நேர்மின்சாரத்தில் மின்மயமானது 1931-இல். அதற்குள்ளேயே இரண்டு தேதிகள் உண்டு: தொடக்க விழா ஏப்ரல் 2, பொதுமக்கள் டிக்கெட் எடுத்து ஏறியது மே 11. கம்பெனி 1944 ஏப்ரல் 1 அன்று அரசாங்கத்தின் கைக்கு வந்தது. 1951 ஏப்ரல் 14 அன்று மெட்ராஸ் அண்ட் சதர்ன் மராட்டா ரயில்வே, மைசூர் ரயில்வே ஆகியவற்றோடு சேர்ந்து தெற்கு ரயில்வே ஆனது. 1967-இல் மின்சாரம் 25 கிலோவோல்ட் மாறுமின்சாரத்துக்கு மாறியது. 2004 ஜூலை 1 அன்று கடைசி மீட்டர் கேஜ் மின்ரயில் ஓடியது.

இந்த ஒவ்வொரு மாற்றமும் வழியில் இருக்கும் 18 ஸ்டேஷன்களிலும் கை வைத்தது. பிளாட்பாரத்தை வெட்டினார்கள், உயர்த்தினார்கள், கம்பம் நட்டார்கள், பெயர்ப்பலகையை மாற்றினார்கள். சின்ன ஸ்டேஷனுக்கென்று தனியாக ஒரு வரலாற்றுக் கோப்பு இருக்காது. பாதையின் கோப்புகளுக்குள்ளும் ஸ்டேஷனின் கல், இரும்பு, மரத்துக்குள்ளும் சிதறித்தான் இருக்கும். அவற்றிலிருந்து பொறுக்கி எடுத்துச் சேர்ப்பதுதான் வேலை.

திறப்பு நாள் ஏன் எழுதி வைக்கப்படவில்லை

ரயில்வேயின் இயக்க விதிகளில் ஏ, பி, சி வகை ஸ்டேஷன்கள் பிளாக் ஸ்டேஷன்கள். அதாவது ஒரு வண்டியை அடுத்த ஸ்டேஷன் வரைக்கும் அனுப்ப அனுமதி வாங்கிக் கொடுக்கும் இடங்கள். டி வகைக்கு அந்தப் பொறுப்பு கிடையாது. வண்டி நிற்கும், ஆட்கள் ஏறி இறங்குவார்கள், அவ்வளவே. பிளாக் ஸ்டேஷன் ஒன்று திறந்தால் சிக்னல் வரைபடம், பாதுகாப்பு அதிகாரியின் ஆய்வு, ஸ்டேஷன் வேலை விதிகள் என்று காகிதம் பெருகும். டி வகை நிறுத்தத்துக்கு ஒரு மண்மேடை, ஒரு பலகை, ஒரு டிக்கெட் பெட்டி இருந்தால் போதும். அடுத்த அட்டவணையில் பெயர் சேர்ந்துவிடும். புறநகர்ப் பாதைகளில் பல ஸ்டேஷன்கள் இப்படி நிறுத்தமாகத் தொடங்கிப் பிற்பாடு வளர்ந்தவை. அதனால் "திறப்பு" என்று நீங்கள் தேடும்போது எதைத் திறப்பு என்கிறீர்கள் என்பதை முடிவு செய்துகொள்ளுங்கள்: முதன்முதலாக வண்டி நின்ற நாளா, டிக்கெட் விற்பனை தொடங்கிய நாளா, கட்டடம் எழுந்த நாளா? மூன்றுக்கும் இடையே பல ஆண்டுகள் இருக்கலாம். குறிப்பு எடுக்கும்போது மூன்றையும் தனித்தனிப் பத்தியில் எழுதுங்கள்.

பெயரே ஒரு சாட்சி

குரோம்பேட்டை விஷயத்தில் ஒரு வசதி உண்டு. அந்தப் பெயர் குரோம் லெதர் கம்பெனியால் வந்தது. ஜார்ஜ் அலெக்ஸாண்டர் சேம்பர்ஸ் என்பவர் 1912-இல் தொடங்கிய தோல் தொழிற்சாலை அது. ஆகவே இந்தப் பெயரில் ஒரு ஸ்டேஷன் 1912-க்கு முன் இருந்திருக்க முடியாது. 1870-களின் தேதியை யாராவது குரோம்பேட்டைக்குப் போட்டிருந்தால் அது பாதையின் தேதி என்று உடனே சொல்லிவிடலாம். அடுத்த ஸ்டேஷனான தாம்பரம் சானடோரியமும் இப்படியே: டாக்டர் சௌரி முத்து 1928-இல் அங்கே காசநோய் மருத்துவமனை தொடங்கிய பிறகுதான் அந்தப் பெயருக்கு இடம் வந்தது. அந்த மருத்துவமனையை அரசு 1937-இல் எடுத்துக்கொண்டது. திரிசூலம் வேறு மாதிரி: மீனம்பாக்கத்தில் இருந்த விமான நிலையத்தின் பழைய முனையத்திலிருந்து போக்குவரத்து திரிசூலம் பக்கம் கட்டிய புதிய முனையங்களுக்கு நகர்ந்தது. விமானத்துக்குப் போகிறவர் மீனம்பாக்கத்தில் இறங்கிய காலமும் திரிசூலத்தில் இறங்கி ஜி.எஸ்.டி. சாலையைக் கடக்கும் காலமும் வேறு வேறு.

இப்படிக் கிடைப்பது கீழ் எல்லை: "இதற்கு முன் இல்லை". மேல் எல்லையை, அதாவது "இந்த ஆண்டில் நிச்சயம் இருந்தது" என்பதை, அட்டவணையோ டிக்கெட்டோ வரைபடமோ தர வேண்டும். இரண்டையும் நெருக்கிக்கொண்டே போவதுதான் முறை. சரியான நாள் கிடைக்காவிட்டாலும் நாலைந்து ஆண்டு இடைவெளிக்குள் கொண்டுவந்துவிட்டால் அதுவே நல்ல வேலை.

ஸ்டேஷனிலேயே படிக்கக் கூடியவை

காகிதத்துக்குப் போகும் முன் ஸ்டேஷனில் ஒரு அரைநாள் செலவிடுங்கள். பிளாட்பார டிக்கெட் எடுத்துக்கொள்ளுங்கள். அது இரண்டு மணி நேரத்துக்குத்தான் செல்லும் என்பதால் மறுபடி எடுக்க வேண்டியிருக்கும். ஸ்டேஷன் மாஸ்டரிடம் விஷயத்தைச் சொல்லிவிட்டுப் படம் எடுங்கள். தண்டவாளத்தில் இறங்கவே வேண்டாம். ரயில்வே சட்டம் 147-ஆம் பிரிவின்படி ஆறு மாதம் வரை சிறையோ ஆயிரம் ரூபாய் வரை அபராதமோ இரண்டுமோ கிடைக்கும். அதைவிட, இந்தப் பாதையில் வண்டிகள் வரும் வேகத்துக்கும் இடைவெளிக்கும் இறங்குவது உயிருக்கே ஆபத்து. பார்க்க வேண்டியதெல்லாம் பிளாட்பாரத்திலேயே இருக்கிறது.

முதலில் கூரைத் தூண்களைப் பாருங்கள். பழைய ஸ்டேஷன்களில் கூரையைத் தாங்குவதும் வேலியாக நிற்பதும் பெரும்பாலும் பாதையிலிருந்து கழற்றிய பழைய தண்டவாளங்கள். தண்டவாளத்தின் நடுத்தகட்டில், அதாவது மேல் தலைக்கும் கீழ்ப் பாதத்துக்கும் இடைப்பட்ட பகுதியில், உருக்காலையில் உருட்டும்போதே எழுத்துகள் புடைப்பாக விழுந்திருக்கும்: ஆலையின் பெயர், எடை வகை, மாதம், ஆண்டு. மாதம் ரோமன் எண்ணில் இருப்பது வழக்கம். ஆண்டுக்குச் சில நேரம் கடைசி இரண்டு இலக்கம் மட்டுமே இருக்கும். டாடா பெயர் இருந்தால் 1912-க்கு முற்பட்டதாக இருக்காது. பிலாய் என்றால் 1960-ஐ ஒட்டியோ அதற்குப் பிறகோ. இங்கிலாந்து ஆலையின் பெயர் இருந்தால் அதற்கும் முந்தையதாக இருக்க வாய்ப்பு அதிகம்.

எழுத்து தெரியவில்லை என்றால், காரணம் பெயின்ட். வருஷா வருஷம் பூசிய அலுமினியப் பெயின்டும் செம்மண் நிறப் பெயின்டும் அடை அடையாக ஏறி எழுத்தின் விளிம்பை மழுக்கியிருக்கும். சுரண்டாதீர்கள், அது ரயில்வே சொத்து, எழுத்தும் கெடும். மாலையில் இருட்டிய பிறகு போய் டார்ச்சை நடுத்தகட்டோடு ஒட்டினாற்போலப் பக்கவாட்டில் பிடியுங்கள். பகலில் வெறும் மேடு மாதிரி தெரிந்தது நிழல் விழுந்து எழுத்தாகும். ஒரே தூணில் பாதி எழுத்துதான் இருக்கும், ஏனென்றால் தண்டவாளத்தைத் துண்டாக வெட்டியிருப்பார்கள். பக்கத்துத் தூணில் மீதி கிடைக்கும். எல்லாத் தூண்களையும் வரிசையாகப் பாருங்கள்.

எழுத்தே இல்லாவிட்டால் டேப் எடுத்துத் தண்டவாளத்தின் உயரத்தை, பாதத்திலிருந்து தலை உச்சி வரை, அளந்து பாருங்கள். 60 ஆர் எனப்படும் ரகம் 114 மி.மீ., 75 ஆர் 129 மி.மீ., 90 ஆர் 143 மி.மீ. இவை கெஜத்துக்கு எத்தனை பவுண்டு என்ற பழைய கணக்கில் வந்தவை. மீட்டருக்கு 52 கிலோ ரகம் 156 மி.மீ., 60 கிலோ ரகம் 172 மி.மீ. மீட்டர் கேஜில் 60-உம் 75-உம் ஓடின. 90 பெரும்பாலும் அகலப்பாதையில் ஓடியது. பெயின்ட் கனத்துக்கு ஒன்றிரண்டு மில்லிமீட்டர் தள்ளிக்கொள்ளுங்கள்.

இங்கேதான் பலர் சறுக்குகிறார்கள். தூணில் இருக்கும் ஆண்டு தண்டவாளம் உருட்டிய ஆண்டு. அது முதலில் பாதையில் பல பத்தாண்டுகள் கிடந்து, தேய்ந்து, கழிக்கப்பட்டு, அதன் பிறகுதான் தூணாக வந்திருக்கும். 1925 என்று இருந்தால் "கூரை 1925-க்குப் பிறகு கட்டியது" என்று மட்டும் எழுதலாம். அது 1960-ஆகவும் இருக்கலாம். தலையும் பாதமும் ஒரே மாதிரி உருண்டிருக்கும் இருதலைத் தண்டவாளம் ஏதாவது கண்ணில் பட்டால் அதை இந்தப் பாதையின் ஆரம்ப காலத்தோடு முடிச்சுப் போடாதீர்கள். அது அந்தக் கால அகலப்பாதைகளில் ஓடியது. வேறு பாதையின் கழிவாக இங்கே வந்திருக்கும்.

அடுத்தது பிளாட்பாரம். அகலப்பாதையின் உயர் பிளாட்பாரம் தண்டவாள மட்டத்திலிருந்து 760 முதல் 840 மி.மீ. வரை இருக்க வேண்டும். பிளாட்பார விளிம்பு பாதையின் மையத்திலிருந்து 1,670 முதல் 1,680 மி.மீ. தள்ளி. 1,000 மி.மீ. பாதை 1,676 மி.மீ. ஆனபோது விளிம்பைப் பின்னால் தள்ளவும் தரையை உயர்த்தவும் வேண்டியிருந்தது. எதிர்ப் பிளாட்பாரத்தில் நின்று இந்தப் பக்கத்துச் சுவரைப் பாருங்கள். கீழே கருங்கல் அல்லது செங்கல் வரிசை, அதன் மேல் பழைய விளிம்புக் கல், அதற்கும் மேல் கான்கிரீட் என்று அடுக்கு தெரிந்தால், அத்தனை முறை உயர்த்தியிருக்கிறார்கள். மேலே வந்தால் அதே கதை வேறு விதமாகத் தெரியும்: கூரைத் தூணின் அடிப்பீடம் தரைக்குள் போயிருக்கும், சிமென்ட் பெஞ்சு குள்ளமாக இருக்கும், பழைய கட்டடத்தின் வாசலில் ஏற வேண்டிய படி இப்போது உள்ளே இறங்கும் படியாகியிருக்கும். மழைத்தண்ணீர் புக்கிங் ஆபீசுக்குள் வருவதற்கும் பல இடங்களில் இதுவே காரணம். பிளாட்பாரம் மட்டும் உயர்ந்தது, கட்டடம் உயரவில்லை. எந்தக் கட்டடத்தின் தரை பிளாட்பாரத்தைவிடத் தாழ்ந்திருக்கிறதோ அதுவே இருப்பதில் பழையது என்று வைத்துக்கொண்டு தேடத் தொடங்கலாம்.

கட்டடத்துக்குள் எட்டிப் பார்க்க முடிந்தால் கூரையைப் பாருங்கள். தேக்கு விட்டங்களின் மேல் மெல்லிய செங்கல்லைச் செங்குத்தாக அடுக்கிச் சுண்ணாம்புக் கலவையில் பிடித்த மெட்ராஸ் டெரஸ் இருந்தால், கான்கிரீட் தளம் பரவலாவதற்கு முந்தைய கட்டடம். சீமை ஓடு வேய்ந்திருந்தால் உடைந்து விழுந்த துண்டு ஒன்றைத் திருப்பிப் பாருங்கள். பாசல் மிஷன் ஓட்டில் 1865 என்று அச்சு இருக்கும். அதைப் பார்த்ததும் "1865-இல் கட்டிய ஸ்டேஷன்" என்று துள்ளிக் குதிப்பவர்கள் உண்டு. அது அந்த ஓட்டுத் தொழிற்சாலை தொடங்கிய ஆண்டு. பிற்பாடு பல பத்தாண்டுகள் அதே அச்சு விழுந்தது. காமன்வெல்த் என்று அச்சு இருந்தால் முதல் உலகப் போருக்குப் பிந்தைய ஓடு. அதையும் கட்டடத்தின் தேதியாகக் கொள்ள முடியாது, ஓடு மாற்றுவது சாதாரணப் பராமரிப்பு வேலை. செங்கல் அளவை வைத்துக் காலம் சொல்வதும் நம் பக்கத்தில் பலிக்காது, பழைய அளவுக் கல் இன்றும் சூளையில் வருகிறது.

மின்கம்பங்களில் சின்னத் தகடு இருக்கும்: 19/7 என்பது போல, முன்னால் கிலோமீட்டர், பின்னால் அந்தக் கிலோமீட்டருக்குள் கம்பத்தின் வரிசை எண். இந்தப் பாதையில் கிலோமீட்டர் பீச்சிலிருந்து தொடங்குகிறது. பழைய ஆவணங்களில் மைல் கணக்கு வரும், அதுவும் எழும்பூரிலிருந்து எண்ணியதாக இருக்கலாம். பீச்சுக்கும் எழும்பூருக்கும் 4 கிலோமீட்டர் இடைவெளி. இதைக் கவனிக்காமல் மைலை 1.609-ஆல் பெருக்கிவிட்டு "ஸ்டேஷன் அப்போது வேறு இடத்தில் இருந்தது" என்று முடிவுக்கு வருவது அடிக்கடி நடக்கும் பிழை. சரிபார்க்கச் சுலப வழி: அதே ஆவணத்தில் தாம்பரத்துக்கு என்ன போட்டிருக்கிறது என்று பாருங்கள். சுமார் 18 மைல் என்றால் பீச்சிலிருந்து, பதினைந்தரை என்றால் எழும்பூரிலிருந்து.

ஸ்டேஷன் குறியீடுகளிலும் பழமை தங்கியிருக்கிறது. 1996-இல் ஊர் சென்னை ஆனபோது பலகைகள் மாறின. குறியீடுகள் அப்படியே நின்றன. எழும்பூர் எம்.எஸ். (MS), பீச் எம்.எஸ்.பி. (MSB), கோட்டை எம்.எஸ்.எஃப். (MSF), சேத்துப்பட்டு எம்.எஸ்.சி. (MSC). குரோம்பேட்டைக்கு சி.எம்.பி. (CMP). பழைய கடிதங்களில் ஸ்டேஷன் பெயரே வராமல் இந்த எழுத்துகள் மட்டும் வரும் என்பதால் பக்கத்து ஸ்டேஷன்களின் குறியீடுகளையும் எழுதி வைத்துக்கொள்வது நல்லது.

டிக்கெட்டும் அட்டவணையும்

என் கணிப்பில் ஒரு சின்ன ஸ்டேஷனுக்குக் கிடைக்கும் ஆகச் சிறந்த சான்று பழைய அட்டை டிக்கெட். 57-க்கு 30 மி.மீ. அளவில் தடித்த அட்டை. வரிசை எண், ஸ்டேஷன் பெயர், வகுப்பு, கட்டணம் எல்லாம் அதில் உண்டு. தேதி இயந்திரம் ஓரத்தில் அழுத்திய எண்கள் பெரும்பாலும் மங்கிப்போயிருக்கும். அதற்காக டிக்கெட்டை ஒதுக்கிவிட வேண்டாம், மற்றவற்றை வைத்தே காலத்தைச் சொல்லலாம். எஸ்.ஐ.ஆர். (சவுத் இந்தியன் ரயில்வே) என்றிருந்தால் 1951 ஏப்ரலுக்கு முன் அச்சிட்டது. கட்டணம் அணாவில் என்றால் 1957 ஏப்ரலுக்கு முன். நயா பைசா என்றால் 1957-க்கும் 1964-க்கும் நடுவே. வெறும் பைசா என்றால் அதற்குப் பின். மூன்றாம் வகுப்பு என்றிருந்தால் 1974-க்கு முன், ஏனென்றால் அந்த ஆண்டில்தான் மூன்றாம் வகுப்பை எடுத்தார்கள். இந்த நாலையும் குறுக்கே வைத்துப் பார்த்தால் தேதி இல்லாத டிக்கெட்டும் ஐந்தாறு ஆண்டு இடைவெளிக்குள் வந்து நிற்கும்.

ஒரு எச்சரிக்கை: சின்ன ஸ்டேஷன்களில் டிக்கெட் மெதுவாகத்தான் விற்கும். அச்சடித்த கட்டு தீரும் வரை பழைய பெயர் தாங்கிய டிக்கெட்டையே விற்பார்கள், கட்டணம் மாறினால் ரப்பர் முத்திரை குத்துவார்கள். ஆகவே அச்சு ஒரு காலம், விற்பனை ஒரு காலம். முத்திரை குத்திய டிக்கெட் கிடைத்தால் அது இன்னும் நல்லது. இரண்டு காலத்தையும் ஒரே அட்டை சொல்லும். டிக்கெட் சேகரிப்பவர்களிடமும் மூர் மார்க்கெட் மாதிரி பழைய பொருள் விற்கும் இடங்களிலும் கேட்டுப் பாருங்கள்.

அட்டவணைகளை ஆண்டு தவறாமல் தேட வேண்டாம். ஐந்தாண்டுக்கு ஒன்று எடுத்துப் பெயர் இருக்கிறதா இல்லையா என்று மட்டும் குறியுங்கள். எந்த இரண்டுக்கு நடுவே பெயர் புதிதாக வருகிறதோ அந்த ஐந்தாண்டை மட்டும் தோண்டினால் போதும். தேடும்போது மெயின் லைன் பக்கத்தைப் பார்த்துவிட்டு "இல்லை" என்று மூடிவிடாதீர்கள். விழுப்புரம், திருச்சி வண்டிகளின் பக்கத்தில் பெரிய ஸ்டேஷன்கள்தான் வரும். உள்ளூர் வண்டிகளுக்குத் தனிப் பக்கம் உண்டு. அடிக்குறிப்புகளையும் படியுங்கள். "குறிப்பிட்ட வண்டிகள் மட்டும் நிற்கும்", "ஞாயிறு தவிர" என்பவைதான் அந்த ஸ்டேஷனை யார் பயன்படுத்தினார்கள் என்று சொல்பவை. ஆலை ஷிப்ட் நேரத்தை ஒட்டி வண்டி நின்றதா, ஆபீஸ் நேரத்தை ஒட்டியா என்பதை நேரங்களை வைத்தே ஊகிக்கலாம். 1906-க்கு முந்தைய அட்டவணை கையில் கிடைத்தால் அதில் இருப்பது மெட்ராஸ் நேரம். இன்றைய நேரத்துக்கு ஒன்பது நிமிடம் கூட்டிக்கொள்ளுங்கள்.

ஆவணக்காப்பகம்

எழும்பூர் ஸ்டேஷனுக்கு எதிரே காந்தி–இர்வின் சாலையில் தமிழ்நாடு ஆவணக்காப்பகம் இருக்கிறது. அடையாளச் சான்றோடு அனுமதி வாங்கிக்கொண்டு உள்ளே போனதும் "ரயில்வே" என்ற தலைப்பை மட்டும் பிடித்துக்கொண்டு உட்கார வேண்டாம். நிலம் கையகப்படுத்திய அறிவிப்புகளைத் தேடுங்கள். 2013 இறுதி வரை நடப்பில் இருந்த 1894-ஆம் ஆண்டு நிலக் கையகச் சட்டத்தின் 4, 6 பிரிவுகளின்படி அரசிதழில் அறிவிப்பு வர வேண்டியிருந்தது. அதில் கிராமம், சர்வே எண், பரப்பு, எதற்காக என்பது இருக்கும். பிளாட்பாரத்தை நீட்டவோ அணுகுசாலை போடவோ பத்து சென்ட் நிலம் எடுத்திருந்தாலும் அது பதிவாகியிருக்கும். ஸ்டேஷனைப் பற்றி வேறு எங்கும் ஒரு வரி இல்லாதபோது இந்த அறிவிப்பு மட்டும் இருப்பது உண்டு.

ஆனால் தேட வேண்டிய பெயர் வேறு. குரோம்பேட்டை என்று தேடினால் பழைய நில ஆவணங்களில் ஒன்றும் அகப்படாது. சுற்றியுள்ள வருவாய் கிராமங்களின் பெயரில், செங்கல்பட்டு ஜில்லா, சைதாப்பேட்டை தாலுகா என்ற தலைப்புக்குக் கீழே தேட வேண்டும். மாவட்டமும் நடுவில் பெயர் மாறியது: 1997-இல் காஞ்சிபுரம், 2019-இல் மறுபடி செங்கல்பட்டு. ஆங்கில எழுத்துக்கூட்டலும் காலத்துக்குக் காலம் மாறும். செங்கல்பட்டே "சிங்கிள்புட்" என்ற உச்சரிப்பில் எழுதப்பட்டிருக்கும்.

சர்வே ஆஃப் இந்தியா வரைபடங்களில் ஸ்டேஷன்கள் குறிக்கப்பட்டிருக்கும். அதிலும் வரைபடத்தின் அச்சு ஆண்டை எடுத்துக்கொள்ளாதீர்கள், ஓரத்தில் சின்ன எழுத்தில் இருக்கும் சர்வே செய்த ஆண்டைப் பாருங்கள். இரண்டுக்கும் பல ஆண்டு வித்தியாசம் வரும், நடுவே ரயில் விவரத்தை மட்டும் திருத்தியிருக்கவும் கூடும். கன்னிமாரா நூலகத்தில் பழைய பத்திரிகைகளைப் பார்க்கும்போது திறப்பு விழாச் செய்தியைவிட வாசகர் கடிதங்களில் அதிகம் கிடைக்கும். கூரை இல்லை, விளக்கு இல்லை, கடைசி வண்டி நிற்பதில்லை என்று எழுதியவர்கள்தான் சின்ன ஸ்டேஷன்களின் நிலையை நாளும் மாதமுமாகப் பதிந்திருக்கிறார்கள்.

தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்பது

பத்து ரூபாய் கட்டணம், நகலுக்குப் பக்கத்துக்கு இரண்டு ரூபாய், முப்பது நாளில் பதில். சென்னை கோட்ட அலுவலகத்தின் பொதுத் தகவல் அதிகாரிக்கு இணையம் வழியாகவே அனுப்பலாம். "எங்கள் ஸ்டேஷனின் வரலாற்றைத் தரவும்" என்று கேட்டால் "அப்படி ஒரு தகவல் இல்லை" என்று வரும், அது சட்டப்படி சரியான பதிலும்கூட. கையில் இருக்கும் ஆவணத்தின் நகலைக் கொடுப்பதுதான் அவர்கள் கடமை, தொகுத்து எழுதிக் கொடுப்பது அல்ல. அதனால் ஆவணத்தின் பெயரைச் சொல்லிக் கேளுங்கள்:

1. ஸ்டேஷன் கட்டடங்கள், பிளாட்பாரங்களின் சொத்துப் பதிவேட்டில் இந்த ஸ்டேஷனுக்கான பக்கங்கள் (கட்டிய ஆண்டு, செலவு, பிந்தைய மாற்றங்கள் உட்பட).
2. அகலப்பாதை மாற்றத்துக்கு முந்தைய, பிந்தைய ஸ்டேஷன் வரைபடங்கள்.
3. நிலத் திட்ட வரைபடமும் அதில் குறித்துள்ள கையக அறிவிப்பு எண்களும்.
4. ஸ்டேஷனின் வணிக வகை (மேலே சொன்ன ஏ, பி, சி, டி இயக்க வகை அல்ல) மாறிய ஆணைகள். 2017-க்கு முந்தைய ஆங்கில எழுத்து வகையும் அதற்குப் பிந்தைய எஸ்.ஜி. எனப்படும் புறநகர்ப் பிரிவும்.

பாதுகாப்பு காரணம் காட்டி வரைபடத்தை மறுத்தால், சிக்னல் விவரங்களை நீக்கிவிட்டுக் கட்டடப் பகுதியை மட்டும் தரலாம் என்று முதல் மேல்முறையீட்டில் எழுதுங்கள். அதற்குப் பதில் வந்த நாளிலிருந்து முப்பது நாள் அவகாசம். இரண்டாம் மேல்முறையீட்டுக்குத் தொண்ணூறு நாள்.

ஆட்களைக் கேட்பது

"எப்போது திறந்தது?" என்று வயதானவர்களைக் கேட்டால் ஏதோ ஒரு ஆண்டு சொல்வார்கள், அது பெரும்பாலும் அவர்கள் குடிவந்த ஆண்டாக இருக்கும். ஆண்டைக் கேட்காமல் பொருளைக் கேளுங்கள். டிக்கெட் அட்டையா காகிதமா? பிளாட்பாரத்தில் ஏற எத்தனை படி? தண்டவாளத்தைக் கடக்க கேட் இருந்ததா, மேம்பாலமா? வண்டியில் மூன்றாம் வகுப்பு இருந்ததா? மின்கம்பியில் வேலை நடந்ததைப் பார்த்தீர்களா? இவற்றுக்கு வரும் பதில்களை மேலே சொன்ன பாதைத் தேதிகளோடு பொருத்தினால் ஆண்டு தானாக வந்துவிடும். ஓய்வு பெற்ற கேங்மேன், பாயிண்ட்ஸ்மேன், கேட் கீப்பர் இவர்களைத் தேடிப் பிடியுங்கள். புக்கிங் கிளார்க்குகள் இரண்டு மூன்று ஆண்டில் மாற்றலாகிப் போய்விடுவார்கள். பாதைப் பராமரிப்பு ஆட்கள் ஒரே பகுதியில் வாழ்நாளெல்லாம் வேலை பார்த்தவர்கள்.

வேலை அவசரமான இடங்களும் உண்டு. மாம்பலம், கிண்டி, பரங்கிமலை ஸ்டேஷன்கள், ஸ்டேஷன்களைப் புதுப்பிக்கும் அம்ரித் பாரத் திட்டத்தில் சேர்க்கப்பட்டவை; புதுப்பித்த பரங்கிமலை ஸ்டேஷன் 2025-இல் திறக்கப்பட்டுவிட்டது. உங்கள் ஸ்டேஷனில் தகரத் தடுப்பு வந்துவிட்டால் காப்பகம், தகவல் உரிமை எல்லாவற்றையும் தள்ளி வையுங்கள், காகிதம் காத்திருக்கும். முதலில் தூண்களின் எழுத்துகள், அடுத்து பிளாட்பாரச் சுவரின் அடுக்குகள், பிறகு கட்டடத்தின் கூரையும் வாசல்களும் என்ற வரிசையில் படம் எடுங்கள். ஒவ்வொரு படத்திலும் ஒரு அடி ஸ்கேலை வைத்து எடுத்தால் பிற்பாடு அளவு சொல்ல முடியும். எந்தப் பிளாட்பாரம், வடக்கு முனையிலிருந்து எத்தனையாவது தூண் என்பதைப் படத்தின் பெயரிலேயே எழுதிவிடுங்கள். பக்கத்தில் இருக்கும் மின்கம்பத்தின் எண்ணையும் சேர்த்து எடுத்தால், பிளாட்பாரமே இல்லாமல் போன பிறகும் அந்தத் தூண் எங்கே நின்றது என்று மீட்டர் கணக்கில் காட்டலாம்.